பெயர் போடாத ஆசிரியர்

கோவில்பட்டியிலிருந்து எட்டயபுரம் போகிற சாலையில் இருபுறமும் கரிசல் காடு. அந்த ஊருக்குப் போகிறவர்கள் கவிஞர் பிறந்த வீட்டைப் பார்த்துவிட்டுத் திரும்புகிறார்கள். பத்திரிகைக்காரர் பாரதியை யாரும் அதிகம் தேடுவதில்லை. அந்தக் குறையை ஓரளவு தீர்த்தவர் எட்டயபுரத்துக்காரரான இளசை மணியன். 'இந்தியா' வாரப் பத்திரிகையில் வந்த பாரதியின் எழுத்துக்களை அவரும் சி.எஸ். சுப்பிரமணியமும் 'பாரதி தரிசனம்' என்று தொகுத்தார்கள். சமீபத்தில் அதை மறுபடியும் படித்தேன்.

பாரதி 1904-ல் 'சுதேசமித்திர'னில் உதவியாசிரியராகச் சேர்ந்தார். 1906-ல் 'இந்தியா' தொடங்கியது. 1907 டிசம்பரில் சூரத் காங்கிரஸ் அடிதடியில் கலைந்தபோது அவர் அங்கே இருந்தார். திரும்பிவந்து 'எங்கள் காங்கிரஸ் யாத்திரை' என்று ஒரு சிறு புத்தகமும் போட்டார். அவர் திலகர் கட்சி. அதை மறைத்ததும் இல்லை. அந்த நேர்மை எனக்குப் பிடித்திருக்கிறது. ஆனால் எதிர்க்கட்சிக்காரர் மனத்தில் என்ன இருந்தது என்று தெரிந்துகொள்ள அவரிடம் போய்ப் பயனில்லை. நிருபருக்கு இது குறைதான் என்று சொல்லவேண்டும்.

மறு வருஷம் கலகம் அவர் சொந்த ஜில்லாவுக்கே வந்துவிட்டது. கரிசல் பருத்தியை நூலாக்கும் தூத்துக்குடியில் கோரல் ஆலைத் தொழிலாளர் வேலைநிறுத்தம் செய்து ஜயித்தார்கள். 1908 மார்ச் 12-ல் வ.உ.சி.யும் சுப்பிரமணிய சிவாவும் கைதானார்கள். மறுநாள் திருநெல்வேலியில் அரசாங்கக் கட்டிடங்கள் எரிந்தன. போலீஸ் சுட்டதில் நான்கு பேர் செத்தார்கள். பாரதி எழுதியதோடு நிற்கவில்லை. வ.உ.சி. வழக்கில் கூண்டேறிச் சாட்சியும் சொன்னார்.

இதுவரை படிக்கும்போது மனம் பூரிக்கிறது. அடுத்துத்தான் சங்கடம். அதே வருஷம் 'இந்தியா' மீது ராஜத்துரோக வழக்கு வந்தது. எழுத்தில் பெரும்பங்கு பாரதியுடையது; ஆனால் சட்டப்படி ஆசிரியராகப் பதிவாகியிருந்தவர் எம். சீனிவாசன். அவருக்கு ஐந்து வருஷத் தண்டனை. பாரதி புதுச்சேரிக்குப் போய்விட்டார். அக்டோபரில் 'இந்தியா' அங்கிருந்து வெளிவரத் தொடங்கி, 1910 மார்ச் வரையில் நடந்தது.

பயந்து ஓடினார் என்று சிலர் சொல்வார்கள். அது அநியாயம். ஓடியவர் பேனாவைக் கீழே வைக்கவில்லையே! ஜெயிலுக்குப் போயிருந்தால் 1912-ல் 'பாஞ்சாலி சபதம்' நமக்குக் கிடைத்திராது என்று வேறு சிலர் சமாதானம் சொல்வார்கள். நமக்கு அது போதும். சீனிவாசனுக்குப் போதுமா?

நாவல் எழுதுகிறவனுக்கு இந்தக் கேள்வி எளிதில் விடுவதாயில்லை. பாரதியைப் பற்றிய புத்தகங்கள் அலமாரி அலமாரியாக இருக்கின்றன. சீனிவாசன் அவற்றில் ஒரு வரியில் வந்து, தண்டனை பெற்று, மறைந்துவிடுகிறார். கலவர காலத்தில் உண்மையை எழுதுவது தைரியந்தான். ஆனால் அதற்கு விலை கொடுக்கிறவர் எப்போதும் எழுதினவராகவே இருப்பதில்லை.

இதனால் பாரதியின் எழுத்து எனக்குச் சிறிதாகிவிடவில்லை. பாட்டுக்களை மனப்பாடம் செய்தவர்கள் இந்தக் கட்டுரைகளையும் படிக்கவேண்டும். படிக்கும்போது, பத்திரிகையில் பெயர் கொடுத்திருந்த அந்த மனிதரையும் கொஞ்சம் நினைத்துக்கொள்ளவேண்டும்.