மேலா, மிகையா? ஒரு கலைச்சொல்லின் பல பொருள்கள்

பிறமொழிக் கலைச்சொற்களைத் தமிழாக்குவோர்க்கு நேரும் இடர்கள் இருவகைப்படும். ஒரு பொருளுக்கு ஏற்ற சொல் தமிழில் கிடையாமை ஒன்று. ஒரே சொல் துறைதோறும் வேறு வேறு பொருள் தர, அதற்கு ஒரே தமிழ்ச்சொல்லை எல்லா இடத்தும் வழங்கிவிடுதல் மற்றொன்று. முன்னது எளிதில் கண்ணுக்குப் படும். பின்னது படாது, சொல் கிடைத்துவிட்டது என்னும் நிறைவிலே பிழை மறைந்து நிற்கும். ஆங்கிலத்தில் 'ஓவர்கோடிங்' என வழங்கும் சொல் இவ்விரண்டாம் வகைக்கு நல்லதோர் எடுத்துக்காட்டாகும். குறியியல், அரசியல் தத்துவம், மொழியியல், மருத்துவக் கணக்கு ஆகிய நான்கு துறைகளில் இது வழங்குகிறது. நான்கிலும் பொருள் வேறு.

அகராதி முறையில் சொல்லுக்குச் சொல் வைத்தால் இது 'மிகைக்குறியாக்கம்' என்று வரும். ஓசையில் குறையில்லை, இலக்கண வழுவும் இல்லை. ஆயினும் இச்சொல் பொருந்துமா என்பதைத் துறைதோறும் வைத்து ஆராய்ந்தே முடிவு செய்தல் வேண்டும்.

குறியியல் தரும் பொருள்

இத்தாலிய அறிஞர் உம்பர்த்தோ எக்கோ 1975-இல் தம் மொழியிலும், 1976-இல் ஆங்கிலத்திலும் வெளியிட்ட பொதுக்குறியியல் நூலில் இக்கருத்தை விளக்குகிறார். முன்னரே ஒரு விதி இருக்கிறது. அவ்விதியால் ஒரு குறி ஒரு பொருளைத் தருகிறது. வழக்கு முதிர முதிர, அவ்விதியின்மேல் இன்னொரு விதி எழுந்து, அதே குறிக்கு மேலும் ஒரு பொருளைத் தருகிறது. முதற்பொருள் அழிவதில்லை, அதன்மேல் இரண்டாம் பொருள் நிற்கிறது. இதுவே எக்கோ கூறும் ஓவர்கோடிங்.

'ஓர் ஊரிலே ஓர் இராசா' என்று பாட்டி தொடங்கியவுடன் குழந்தை நிமிர்ந்து உட்காருகிறது. அத்தொடரின் சொற்பொருள் ஓர் ஊரும் ஓர் அரசனும் மட்டுமே. ஆனால் 'இது கதை. இதில் நடப்பதை உண்மை என்று கொள்ளற்க. கேட்டு மகிழ்க' என்னும் செய்தியும் அதனுடன் சேர்ந்தே வருகிறது. இந்த இரண்டாம் செய்தி எந்தச் சொல்லிலும் இல்லை, வழக்கில் இருக்கிறது.

தமிழாசிரியர்க்கு இது புதிய செய்தி அன்று. குறிஞ்சி என்பது ஒரு செடியின் பெயர். அது மலையும் மலைசார்ந்த இடமும் ஆகிய நிலத்துக்கு ஆயிற்று. அந்நிலத்தோடு கூதிர்காலமும் யாமமும் சேர்ந்தன. இறுதியில் தலைவனும் தலைவியும் கூடும் ஒழுக்கத்துக்கே அது பெயராயிற்று. முதல், கரு, உரி எனத் தொல்காப்பியம் வகுத்த முப்பொருள் அமைப்பு, குறியின்மேல் குறி ஏறும் முறையை ஒழுங்குபடுத்திய இலக்கணமே எனலாம். ஆற்றில் குளிக்கும் எருமையைப் புலவன் பாடும்போது எருமை எருமையாகவே நிற்கிறது. பரத்தையிடம் சென்ற தலைவனையும் அதுவே உள்ளுறையாகச் சுட்டிவிடுகிறது. மேலைநாட்டார் இருபதாம் நூற்றாண்டில் பெயரிட்டு விளக்கிய ஒன்றைத் தமிழ்ப் புலவர்கள் ஈராயிரம் ஆண்டுகட்கு முன்பே செய்யுள் வழக்கில் கையாண்டனர். 'எல்லாம் நம்மிடம் முன்னரே உண்டு' என்று பெருமை பேசுவதற்கு இதைப் பயன்படுத்த வேண்டியதில்லை. புதிய கருத்தை மாணவர்க்கு விளக்கத் தமிழிலே ஆயத்தமான சான்று உண்டு என்பதே இதன் பயன். 1966 ஏப்ரலில் கோலாலம்பூரில் முதல் உலகத் தமிழ் மாநாட்டைக் கூட்டிய தனிநாயக அடிகள், சங்கப் பாடல்களின் இயற்கைப் பின்னணியை உலக இலக்கியங்களோடு ஒப்பிட்டுக் காட்டி, இவ்வகை ஆய்வுக்கு இந்நாட்டிலேயே வழி வகுத்தார் என்பதும் நினைவுகூரத் தக்கது.

பத்துமலையும் பெரட்டும்

சங்கப் பாடலோடு இது நின்றுவிடவில்லை. கிள்ளான் பள்ளத்தாக்கில் வாழும் தமிழர் நாள்தோறும் வழங்கும் பெயர்களிலும் இதைக் காணலாம். மலாய் மொழியில் 'பத்து' என்றால் கல். சுங்கை பத்து என்னும் ஆற்றின் பெயரால் அங்குள்ள சுண்ணாம்புக் குகைகள் 'பத்து கேவ்ஸ்' எனப்பட்டன. தம்புசாமிப் பிள்ளை அங்கே முருகன் வழிபாட்டை நிறுவினார். 1892 முதல் தைப்பூசம் நடந்து வருகிறது. தமிழர் நாவில் அவ்விடம் பத்துமலை ஆயிற்று. தமிழ்ச் செவிக்குப் 'பத்து' என்பது எண்ணுப்பெயர் அன்றோ? ஆகவே, தமிழகத்து அறுபடை வீடுகளோடு, ஈப்போ கல்லுமலை, பினாங்கு தண்ணீர்மலை, மலாக்கா சன்னாசிமலை ஆகிய மூன்றையும் கூட்டி, இதனைப் பத்தாவது மலையாக எண்ணும் விளக்கமும் அடியார்களிடையே எழுந்தது.

சொற்பிறப்பு ஆராய்வோர் இவ்விளக்கத்தைத் தவறு என்று ஒதுக்குவர். சொற்பிறப்பாக அது தவறுதான். ஆனால் குறியியல் நோக்கில் அது மக்கள் செய்த ஓர் ஆக்கம். மலாய்ச் சொல்லின் கல்லைத் தமிழர் பெயர்த்து எறியவில்லை. அந்தக் கல்லின்மேல் ஒரு கோயிலை எழுப்பியதுபோல, அந்தச் சொல்லின்மேல் ஒரு பொருளையும் எழுப்பினர்.

தோட்டப்புறத்துச் சொற்களும் இவ்வாறே. 'பெரட்டு' என்பது 'பரேட்' என்னும் ஆங்கிலச் சொல்லின் திரிபு. தொழிலாளரை விடியுமுன் வரிசையில் நிறுத்திப் பெயர் கூப்பிடுவதையே அது முதலில் குறித்தது. மலேசியத் தமிழ்ச் சிறுகதையில் அச்சொல் வரும்போது இருட்டு, கங்காணியின் குரல், வேலை மறுக்கப்படுமோ என்னும் அச்சம் ஆகிய யாவும் உடன் வந்துவிடுகின்றன. பால்மரம் என்பதும் வெறும் மரப்பெயராக நிற்பதில்லை. தோட்டத்தை அறியாத வாசகர் முதற்பொருளை மட்டும் பெறுவர். அறிந்தவர் இரண்டையும் பெறுவர்.

அரசியல் தத்துவம் தரும் பொருள்

பிரெஞ்சு அறிஞர்களான தெலூஸும் குவாத்தாரியும் 1972-இல் வெளியிட்ட நூலில் இதே சொல்லை வேறொரு பொருளில் ஆண்டனர். தொல்குடிகள் நிலத்துக்கும் உறவுக்கும் உடைமைக்கும் தத்தம் குறிகளை வைத்திருந்தன. பேரரசு தோன்றியபோது அக்குறிகளை அது அழித்துவிடவில்லை. அவற்றை அப்படியே இருக்கவிட்டு, எல்லாவற்றுக்கும் மேலே தன் ஒரே குறியைப் பதித்தது. பழைய வழக்குகள் தொடர்ந்தன. ஆனால் அவை இனி அரசின் கணக்குக்குள் அடங்கியவை. எக்கோ கூறியதில் வழக்கு தானே கனிகிறது. இங்கோ மேலிருந்து ஒன்று வந்து அமர்கிறது.

பிரிக்பீல்ட்ஸ் வட்டாரத்தை வைத்து இதைப் பார்க்கலாம். 1881-இல் நெருப்பும் வெள்ளமும் கோலாலம்பூரை அழித்தபின், ஊரைச் செங்கல்லால் கட்டும் முயற்சியில் அங்கே சூளைகள் எழுந்தன. தொழிலால் வந்த பெயர் பிரிக்பீல்ட்ஸ். பின்னர் இரயில்வே ஊழியர் குடியேறினர். 1894-இல் நிறுவப்பெற்ற சிங்களர் சங்கத்தின் பௌத்த விகாரை, யாழ்ப்பாணத் தமிழரின் கந்தசுவாமி கோயில், 1904-இல் எழுந்த விவேகானந்தர் ஆசிரமம், மாதாகோயில், சீனர் கடைகள் எனப் பல குழுவினர் தத்தம் குறிகளை அங்கே நட்டனர். பிரிக்பீல்ட்ஸ் சாலை பின்னாளில் துன் சம்பந்தன் சாலை ஆயிற்று. 2010 அக்டோபரில் இந்தியப் பிரதமர் மன்மோகன் சிங்கும் மலேசியப் பிரதமர் நஜிப்பும் அவ்வட்டாரத்தை 'லிட்டில் இந்தியா' எனத் தொடக்கி வைத்தனர். 2015-இல் தோரண வாயிலும் திறக்கப்பட்டது.

விகாரை இன்றும் இருக்கிறது; கோயிலும் இருக்கிறது; சீனர் கடையும் இருக்கிறது. எதுவும் அழிக்கப்படவில்லை. ஆயினும் சுற்றுலா வரைபடத்தை விரிப்பவர்க்கு இவை யாவும் ஒரே பெயருக்குள் அடங்கித் தோன்றுகின்றன. யாழ்ப்பாணத்தாரும் மலையாளியும் தெலுங்கரும் 'இந்தியா' என்னும் ஒரு குறியின்கீழ் வருகின்றனர். சிங்களர் விகாரை அக்குறியின்கீழ் எவ்வாறு அமையும் என்று வரைபடம் கேட்பதில்லை. அவ்வட்டாரத்து வணிகர் சிலருக்கு இப்பெயர் நன்மையும் செய்திருக்கலாம். நன்மையா தீமையா என்பது வேறு வழக்கு. பல குறிகளை ஒரு குறி மேலிருந்து ஆளுகிறது என்பதே இங்கு நோக்கத் தக்கது.

மொழியியலும் மருத்துவமனையும்

மொழியியலில் இச்சொல் சிறியதொரு நிகழ்ச்சியைக் குறிக்கும். 'கண்ணன் வந்தான். கதவைத் திறந்தான்' என்றால் போதும். திறந்தவன் யார் என்பதை வினைமுற்றின் ஆன் விகுதியே காட்டிவிடும். 'கண்ணன் வந்தான். கண்ணன் கதவைத் திறந்தான்' என்று பெயரை மீண்டும் சொன்னால், தேவைக்கு மேற்பட்ட குறி அங்கே வருகிறது. இது வீண் என்று தோன்றும். ஆயின் கதை சொல்வோர் புதிய நிகழ்ச்சி தொடங்கும் இடத்தில் பெயரைத் திரும்பச் சொல்வதுண்டு. கேட்போர் 'இனி வேறு செய்தி' என்று உணர்ந்துகொள்கின்றனர். அளவால் மிகையாயினும் பயனால் மிகை அன்று. கட்டுரை திருத்தும் ஆசிரியர் 'கூறியது கூறல்' எனச் சிவப்பு மையால் கோடிடுமுன் இதனை எண்ணிப் பார்த்தல் நன்று.

மருத்துவக் கணக்கில் நிலைமை முற்றும் வேறு. நோய்க்கும் சிகிச்சைக்கும் எண்குறிகள் வைத்து, அவற்றின்படி செலவைக் கணக்கிடும் முறை உலகெங்கும் பரவியுள்ளது. செராசில் உள்ள மலேசியத் தேசியப் பல்கலைக்கழக மருத்துவமனையில் 'கேஸ்மிக்ஸ்' என்னும் இத்தகைய முறை 2002-இல் தொடங்கப்பட்டது. இம்முறையால் கட்டணம் தீரும் இடங்களில், எளிய காய்ச்சலோடு வந்தவர்க்குக் கடுமையான நுரையீரல் அழற்சியின் குறியை எழுதிவிட்டால் தொகை உயரும். செய்யாததைச் செய்ததாகவும், சிறியதைப் பெரியதாகவும் குறித்தலே இத்துறையில் ஓவர்கோடிங். அறியாமல் செய்தால் பிழை. அறிந்து செய்தால் மோசடி.

சொல்லாக்கத்தின் வழு

இனி முதலில் எழுப்பிய வினாவுக்கு வரலாம். நான்கு இடத்தும் 'மிகைக்குறியாக்கம்' என வைத்தால் என்ன? ஒரு சொல் பல துறையில் பல பொருள் தருவது தமிழுக்குப் புதிதா என்று கேட்போர் உண்டு. கேள்வி நியாயமானதே. புணர்ச்சி என்பது எழுத்ததிகாரத்தில் சொற்கள் சேர்தலையும், அகப்பொருளில் காதலர் கூடுதலையும் குறிக்கும். திணை என்பது சொல்லதிகாரத்தில் உயர்திணை அஃறிணையாகவும், பொருளதிகாரத்தில் ஒழுக்கமாகவும் நிற்கும். எவரும் மயங்கியதில்லை.

ஆயின் அங்கே மயக்கம் நேராமைக்குக் காரணம் உண்டு. புணர்ச்சி என்னும் சொல்லில் இரு துறைக்கும் பொதுவான 'சேர்தல்' என்னும் கருத்து இருக்கிறது. அது நன்று தீது என எத்தீர்ப்பும் கூறுவதில்லை. 'மிகை' என்னும் சொல்லோ தீர்ப்பைத் தன்னுள்ளே கொண்டது. நன்னூல் எடுத்துக்கூறும் பத்துக் குற்றங்களுள் மிகைபடக் கூறல் ஒன்று. தமிழ் கற்றவர் செவியில் 'மிகை' என்பது வேண்டாதது, களையத் தக்கது என்றே ஒலிக்கும். அச்சொல்லை எக்கோவின் கருத்துக்கு வைத்தால், குறிஞ்சியும் உள்ளுறையும் மிகையென்று மாணவர்க்குக் கற்பித்ததாகும். மருத்துவமனையின் பொய்க்கணக்கும் சங்கப் புலவனின் நுண்மையும் ஒரே பெயரைப் பெற்றுவிடும். சொல்லாக்கத்தில் நேர்ந்த சிறு அயர்ச்சி இலக்கியத்தின் மீதே ஒரு பழியாக முடியும்.

இந்த மயக்கத்துக்கு வேர் ஆங்கில முன்னொட்டில் இருக்கிறது. 'ஓவர்' என்பது 'மேலே' என்றும் பொருள்படும். 'அளவுக்கு மீறி' என்றும் பொருள்படும். 'அடக்கி ஆளுதல்' என்னும் குறிப்பையும் தரும். ஆங்கிலம் ஒரு முன்னொட்டில் அடக்கிய மூன்றையும் தமிழ் மூன்று சொல்லாகவே வைத்திருக்கிறது. மேல் என்பது இடம். மிகை என்பது அளவு. மேலாதிக்கம் என்பது ஆட்சி. தமிழில் இருக்கும் இவ்வேறுபாட்டை மொழிபெயர்ப்பாளர் தாமே இழப்பது முறையன்று.

ஆகவே குறியியலுக்கு 'மேற்குறியாக்கம்' என்பது பொருந்தும். குறியின்மேல் குறி எழுதலை அது நேரே காட்டும். தெலூஸ், குவாத்தாரி கருத்துக்கு 'ஆதிக்கக் குறியாக்கம்' எனலாம். மருத்துவக் கணக்குக்கு 'மிகைக்குறியீடு' என்பதே தக்கது. அங்கே குற்றம் உண்மையில் உண்டு. மொழியியலார் கூறுவதற்குக் 'கூடுதற் குறிப்பீடு' என்பது போதும். கூடுதல் என்பது அளவைக் கூறுமேயன்றிப் பழி கூறாது. இவற்றினும் சிறந்த சொற்கள் பிறர்க்குத் தோன்றின் அவையே நிலைபெறுக. நான்கையும் ஒன்றாக்குதல் மட்டும் ஆகாது.

நான்கு சொல் வைத்தால் அவை ஒரே ஆங்கிலச் சொல்லின் பெயர்ப்பு என்பது மறைந்துவிடுமே என்னும் தடை எழலாம். அதற்குப் பரிகாரம் எளிது. சொல்லடைவில் ஓவர்கோடிங் என்னும் தலைச்சொல்லின்கீழ் துறைப்பெயரோடு நான்கையும் நிரல்பட எழுதிவிட்டால் தொடர்பும் விளங்கும், வேறுபாடும் விளங்கும். வகுப்பில் இதைக் கற்பிக்கும் ஆசிரியர் குறிஞ்சியை ஒரு புறமும் பத்துமலையை மறுபுறமும் வைத்து விளக்கினால், மாணவர் சொல்லை மனப்பாடம் செய்யாமலே பொருளை அடைவர். சொல்லின் முதற்பொருளைக் கற்பித்தல் அகராதிக்கும் இயலும். அதன்மேல் வழக்கு ஏற்றிய பொருளை எடுத்துக்காட்ட ஆசிரியர் வேண்டும்.