எடுத்த கை

குழந்தை வளர்க்கத் தெரியாத ஆடவன் கையில் ஒரு சிசுவைக் கொடுத்துவிட்டால் நகைப்புக்குப் பஞ்சமிராது. பேசாப்படக் காலத்தார் கையாண்ட இவ்வுத்தியை, 1921-இல் வெளிவந்த ‘தி கிட்’ படத்தில் சார்லி சாப்ளின் ஓர் அறக்கேள்வியாக உயர்த்திவிட்டார். திண்டிவனத்தில் உறவினர் இல்லத்தில் சிறுவர்களோடு அமர்ந்து அதனைக் கண்டேன். விழுப்புரம் திரும்பும் வழியெல்லாம் ஃபிக்ஹு நூல்களின் ஓர் அத்தியாயமே நினைவில் ஓடியது.

குப்பையருகே கிடந்த சிசுவைக் கையிலெடுத்த நாடோடி, உடனே அதைக் கைகழுவப் பார்க்கிறான். தரையில் கிடத்தினால் காவலர் வந்து நிற்கிறார். பிறரிடம் தள்ளினாலும் அவனிடமே திரும்பி வருகிறது. சிறுவர்கள் சிரித்தார்கள். நானோ சட்டத்தை எண்ணினேன். கேட்பாரற்றுக் கிடக்கும் சிசுவுக்கு ‘லகீத்’ என்று பெயர். மூஸா நபி (அலை) அவர்கள் ஆற்றிலிருந்து எடுக்கப்பட்டதைத் திருமறை இதே வேர்ச்சொல்லால்தான் கூறுகிறது. அத்தகைய சிசுவை எடுப்பது ஃபர்ளு கிஃபாயா. எடுத்தபின் கிடந்த இடத்திலேயே போட்டுவிடுவது ஹராம் என்பர் ஷாஃபிஈ இமாம்கள். சாப்ளினின் நகைச்சுவை முழுவதும் இந்த ஒரு விதியின்மேல் நிற்கிறது.

பின்னர் அவன் தூளி கட்டுகிறான். கெண்டியைக் கயிற்றில் தொங்கவிட்டுப் பாலூட்டுகிறான். வறுமையிலும் கடமை தவறாத இக்காட்சிகளே படத்தின் உயிர். குறையும் உண்டு. ஐந்து வயதுச் சிறுவன் கல்லெறிந்து சன்னலை உடைக்க, வளர்த்தவன் கண்ணாடி மாற்றிக் கூலி பெறுகிறான். ஹலாலற்ற இப்பிழைப்பைப் படம் சிரிப்போடு விட்டுவிடுகிறது.

நெஞ்சை உலுக்குவது, அநாதை விடுதியார் சிறுவனை வண்டியிலேற்றிப் பறித்துச் செல்லும் காட்சி. ஹள்ரத் உமர் (ரலி) அவர்களோ, சிசுவை எடுத்தவர் நல்லவரென அறிந்ததும் அவரிடமே விட்டு, செலவைப் பொதுநிதியில் ஏற்றார்கள். ஏழையின் அன்பை நம்பிய ஆட்சி அது. இறுதியில் பெற்றவளிடம் பிள்ளை சேர, வளர்த்தவனும் அவ்வீட்டில் வரவேற்கப்படுகிறான். வம்சம் பெற்றோருக்கு, நன்றி வளர்த்தவருக்கு என்னும் நம் நெறிக்கும் இம்முடிவு ஒத்ததே.

இது தொலைதூரத்துக் கதையன்று. 1992-இல் சேலத்தில் தொடங்கிய தொட்டில் குழந்தைத் திட்டம், 2011-இல் நம் விழுப்புரம் மாவட்டத்துக்கும் விரிவாக்கப்பட்டது. பெண் மகவு வேண்டாமென்போர் நம்மிடையே இருந்ததாலன்றோ அத்தொட்டில் தேவைப்பட்டது! பெண் சிசுவைப் புதைத்த காலத்தைக் கண்டிக்க வந்த மார்க்கத்தை உடைய நாம், படம் பார்த்துச் சிரித்த பின் நம் கைகளையும் ஒருமுறை பார்த்துக்கொள்வோமாக.