கிளவுட் கேமிங்: சாவி யார் கையில்?

விலையுயர்ந்த கன்சோல் தேவையில்லை. எங்கோ ஒரு டேட்டா சென்டரில் கேம் ஓடும், காட்சி மட்டும் இணையம் வழியே நம் திரைக்கு வரும், நாம் அழுத்தும் பட்டன் அங்கே போய்ச் சேரும். இந்த யோசனையை 2010-இல் அமெரிக்காவில் சந்தைக்குக் கொண்டுவந்த ஆன்லைவ் இரண்டே ஆண்டில் நொடித்து, 2015-இல் கடையைக் கட்டியது. அதன் காப்புரிமைகளை வாங்கிக்கொண்ட சோனி, போட்டி நிறுவனமான கைகாயை 2012-லேயே 38 கோடி டாலருக்கு வாங்கியிருந்தது. இத்துறை தடுமாறும்போதெல்லாம் பழி இணைய வேகத்தின் மேல்தான் விழுகிறது. கேம்களின் உரிமை யாரிடம் இருக்கிறது என்பதுதான் அதைவிடப் பெரிய முட்டுக்கட்டை என்று தோன்றுகிறது.

வேகப் பிரச்சினையை அற்பம் என்று ஒதுக்கிவிட முடியாது. கண்ணாடி இழையில் ஒளி நொடிக்குச் சுமார் 2 லட்சம் கிலோமீட்டர் போகும். 1,000 கிலோமீட்டர் தள்ளியிருக்கும் சர்வருக்குப் போய்வரவே 10 மில்லிநொடி. நொடிக்கு 60 படங்கள் காட்டும் கேமில் ஒரு படம் திரையில் நிற்பது 16.7 மில்லிநொடிதான். காட்சியைச் சுருக்கி அனுப்பி விரிப்பதற்கும் நேரம் பிடிக்கும். சண்டை கேமில் எதிராளியின் குத்தைத் தடுக்கப் பார்ப்பவருக்கு லேக் அடிப்பது விரல்நுனியில் தெரியும். சதுரங்கம் ஆடுபவர் கவனிக்கவே மாட்டார். ஆனால் வேகம் மட்டுமே தீர்ப்பு எழுதியிருந்தால், உலகெங்கும் சொந்த டேட்டா சென்டர்களும் கேபிள்களும் வைத்திருந்த கூகுள் ஜெயித்திருக்க வேண்டும். 2019 நவம்பரில் 14 நாடுகளில் வந்த அதன் கிளவுட் கேமிங் சேவையான ஸ்டேடியா, நல்ல இணைப்பில் ஒழுங்காகவே ஓடியது. ஆனால் பெரும்பாலான புதிய கேம்களைத் தனியே விலை கொடுத்து வாங்க வேண்டியிருந்தது. வாங்கியது வேறெங்கும் செல்லாது. சொந்தமாகக் கேம் உருவாக்கத் தொடங்கிய ஸ்டூடியோக்களை 2021 பிப்ரவரியில் கூகுளே மூடியது. 2023 ஜனவரி 18-இல் சேவையும் நின்றது. பணத்தைத் திருப்பிக் கொடுத்தார்கள், அதைச் சொல்லத்தான் வேண்டும்.

சொந்தக் கேம் இல்லாமலேயே என்விடியாவின் ஜிஃபோர்ஸ் நவ் நிலைத்திருக்கிறதே என்று கேட்கலாம். ஸ்டீம் போன்ற கடைகளில் நீங்கள் ஏற்கெனவே வாங்கிய கேமை அதன் சர்வரில் ஆடலாம், அவ்வளவுதான். 2020 பிப்ரவரியில் அது முழுமையாக அறிமுகமான சில நாட்களிலேயே ஆக்டிவிஷன் பிளிஸ்ஸார்ட் தன் கேம்களை விலக்கிக்கொண்டது. பெதஸ்டாவும் பெரும்பாலானவற்றை எடுத்துவிட்டது. காசு கொடுத்து வாங்கிய கேமை வாடகைக் கம்ப்யூட்டரில் ஆடக்கூட வெளியீட்டாளரின் தயவு வேண்டும் என்று அன்று தெரிந்தது.

பிரிட்டனின் போட்டி ஒழுங்குமுறை ஆணையமும் இந்த இடத்தில்தான் கை வைத்தது. ஆக்டிவிஷனை 6,870 கோடி டாலருக்கு வாங்க மைக்ரோசாஃப்ட் முனைந்தபோது, கிளவுட் கேமிங்கில் போட்டி நசுங்கும் என்று 2023 ஏப்ரலில் அது தடை போட்டது. அடுத்த 15 ஆண்டுகளில் வரப்போகும் கேம்கள் உட்பட, ஆக்டிவிஷன் கேம்களுக்கு ஐரோப்பியப் பொருளாதாரப் பகுதிக்கு வெளியே உள்ள கிளவுட் உரிமையை இன்னொரு கேம் வெளியீட்டாளரான யூபிசாஃப்டுக்கு விற்க மைக்ரோசாஃப்ட் ஒப்புக்கொண்ட பிறகே அக்டோபரில் அனுமதி கிடைத்தது. அந்த விற்பனையில் ஒரு சர்வர்கூடக் கைமாறவில்லை.