மரியானோ வந்துவிட்டால் ஆட்டம் முடிந்தது

பிராங்ஸ் நகர்ப்பகுதியில் யாங்கீ ஸ்டேடியத்தின் மேல்தட்டில் உட்கார்ந்திருக்கிறேன். வழக்கமாகக் கடைசியான ஒன்பதாவது இன்னிங்ஸ். ஒலிபெருக்கியில் மெட்டாலிகாவின் 'என்டர் சாண்ட்மேன்' கிடார் ஆரம்பித்ததும் அரங்கமே எழுந்து நிற்கிறது. பந்துவீச்சாளர்கள் தயாராகும் 'புல்பென்' கதவு திறக்கிறது. 42 எண் போட்ட ஒல்லியான மனிதர் ஒருவர் தலையைத் தாழ்த்தி, அவசரமே இல்லாமல் மெல்ல ஓடி வருகிறார். எனக்குத் தொண்டை அடைத்துக்கொள்கிறது. எத்தனை முறை பார்த்தாலும் அப்படித்தான்!

மரியானோ ரிவேரா. பேஸ்பாலில் 'குளோசர்' என்று ஒரு வேலை உண்டு. கிரிக்கெட்டில் கடைசி ஓவரை யார் கையில் கொடுப்பது என்று கேப்டன் தவிப்பாரே, அந்த ஓவர் ஒன்றுக்காகவே அணியில் வைத்திருக்கும் பந்துவீச்சாளர் என்று வைத்துக்கொள்ளுங்கள். சொற்ப ஓட்ட முன்னிலையைக் கட்டிக்காத்து ஆட்டத்தை முடித்துக் கொடுத்தால் அது ஒரு 'சேவ்'. ரிவேரா முடித்துக் கொடுத்தவை 652. இன்றுவரை அதை யாரும் தாண்டவில்லை.

பனாமாவில் புவேர்ட்டோ கைமிட்டோ என்ற மீனவர் கிராமத்துப் பிள்ளை அவர். அப்பாவோடு மீன்பிடிப் படகில் வேலை பார்த்தவர். சிறுவயதில் பால் அட்டைப்பெட்டியைக் கையுறையாக மாட்டிக்கொண்டு விளையாடியவர். 1990இல் நியூயார்க் யாங்கீஸ் அணி அவரை ஒப்பந்தம் செய்தது. 1992இல் முழங்கையில் அறுவை சிகிச்சை. 1995இல் பெரிய அணியில் முதல் ஆட்டம்.

இனிமேல்தான் அதிசயம். 1997இல் ஒரு நாள், சக வீரர் ராமிரோ மெண்டோசாவோடு சும்மா பந்து எறிந்து பிடித்துப் பழகிக்கொண்டிருந்தபோது, ரிவேராவின் பந்து தானாகவே கடைசி நொடியில் விலகத் தொடங்கியது. அவர் தேடிப் போகவில்லை. அது அவரைத் தேடி வந்தது. முதலில் அதை நேராக்கத்தான் முயன்றார், முடியவில்லை. அதுதான் 'கட்டர்'. பார்வைக்கு நேரான வேகப்பந்து. மட்டை சுழலத் தொடங்கிய பிறகுதான் சட்டென்று சில அங்குலம் நகரும். இடதுகை ஆட்டக்காரருக்கு அது மட்டையின் தடித்த பகுதியை விட்டுவிட்டுக் கைப்பிடிப் பக்கம் பாயும். மட்டை இரண்டாகப் பிளக்கும். அந்தச் சத்தத்தை நேரில் கேட்டிருக்கிறேன், என்ன ஒரு சத்தம்! 2013இல் மின்னசோட்டா ட்வின்ஸ் அணியினர் உடைந்த மட்டைகளாலேயே ஒரு சாய்ந்தாடும் நாற்காலி செய்து அவருக்குப் பரிசளித்தார்கள்.

பெரும்பாலும் இந்த ஒரே பந்துதான். அது வரப்போகிறது என்று ஆட்டக்காரருக்குத் தெரியும், எதிரணிக்குத் தெரியும், மேல்தட்டில் இருக்கும் எனக்கும் தெரியும். தெரிந்து என்ன செய்ய? பதற்றம் உச்சத்தில் இருக்கும் பிளேஆஃப் ஆட்டங்களில் 141 இன்னிங்ஸ் வீசி, அவர் கணக்கில் ஏறிய ஓட்டங்கள் வெறும் 11. நிலவில் நடந்தவர்களே 12 பேர்!

தோல்வியிலும் அவர் என்னை அசத்தினார். 2001 உலகத் தொடரின் ஏழாவது ஆட்டம், அரிசோனா. ஒன்பதாவது இன்னிங்ஸில் முன்னிலை அவர் கையை விட்டு நழுவியது. எதிரணியின் லூயிஸ் கொன்சாலெஸின் மட்டை உடைந்தும் பந்து சக வீரர் டெரெக் ஜீட்டரின் தலைக்கு மேலே போய் விழுந்தது, கோப்பை போயிற்று. பிறகு வந்த செய்தி வேறு மாதிரி. வெற்றி ஊர்வலம் இல்லாததால் சக வீரர் என்ரிகே வில்சன் முன்கூட்டியே ஊருக்குப் போய்விட்டார். அவர் ஏறியிருக்க வேண்டிய விமானம் அந்த நவம்பரில் நியூயார்க்கில் விழுந்து நொறுங்கியது. தோற்றதே நல்லது, நண்பன் உயிரோடு இருக்கிறான் என்று ரிவேரா சொன்னார். இப்படிப்பட்ட மனிதரை எப்படிக் கொண்டாடாமல் இருப்பது?

2012 மே மாதம் கேன்சஸ் சிட்டியில் பயிற்சியின்போது முழங்கால் தசைநார் கிழிந்தது. 42 வயது. முடிந்தது என்று பலரும் நினைத்தார்கள். அவரோ திரும்பி வந்து 2013இல் 44 சேவ் எடுத்தார்! அந்த ஆண்டு ஆல்-ஸ்டார் ஆட்டத்தில் அவர் பந்து வீச வந்தபோது, இரு அணி வீரர்களும் களத்துக்கு வராமல் ஓரத்தில் நின்று கைதட்டினார்கள். மைதானத்தில் அவர் மட்டும் தனியாக. செப்டம்பர் 26, கடைசி ஆட்டம். பந்தை வாங்க வழக்கமாக வரும் பயிற்றுநர் வரவில்லை; சக வீரர்கள் ஜீட்டரும் ஆண்டி பெட்டிட்டும் வந்து பந்தை வாங்கிக்கொண்டார்கள். பெட்டிட்டின் தோளில் சாய்ந்து அவர் அழுதார். நானும் அழுதேன்.

2019இல் பேஸ்பால் ஹால் ஆஃப் ஃபேம் வாக்கெடுப்பில் 425 பேரும் அவருக்கே வாக்களித்தார்கள். ஒருமனதாகத் தேர்வான முதல் வீரர் அவர்தான்.

பேஸ்பாலே பார்த்ததில்லை என்பவர்களுக்கு ஒரு வேண்டுகோள். 2003 அக்டோபரில் பாஸ்டனோடு நடந்த தொடரின் ஏழாவது ஆட்டத்தைத் தேடிப் பாருங்கள். ஒன்பதிலிருந்து பதினொன்று வரை மூன்று இன்னிங்ஸ் ரிவேரா வீசுகிறார், ஓர் ஓட்டம்கூட விடவில்லை. யாங்கீஸின் ஆரன் பூன் வெற்றி அடி அடித்ததும் எல்லாரும் பூனை நோக்கி ஓட, ரிவேரா மட்டும் பந்து வீசும் மேட்டுக்கு ஓடி அங்கே மண்ணில் விழுகிறார். அந்த மூன்று இன்னிங்ஸிலும் ஆட்டக்காரரைப் பார்க்காதீர்கள். பந்து பிடிக்கும் ஹோர்கே பொசாடாவின் கையுறையைப் பாருங்கள்.