ஐரீன் பாப்பாஸின் ஹிந்த்

'த மெஸேஜ்' (1976) படத்தை எங்கட ஊரில் முதன்முதலாக டெக் போட்டுப் பார்த்த இரவில், முன்வரிசையிலிருந்த மூத்தம்மா ஒருவர் ஹிந்த் திரையில் வரும்போதெல்லாம் "அல்லாஹ்வே, இந்தப் பொம்புள!" என்று சபித்துக்கொண்டிருந்தார். நடிகைக்கு இதைவிடப் பாராட்டு வேண்டியதில்லை.

கிரேக்க நடிகை ஐரீன் பாப்பாஸ் (1929–2022) அந்தப் பாத்திரத்துக்கு வெறுங்கையோடு வரவில்லை. 1961இல் அன்டிகனி, 1962இல் கக்கோயானிஸின் எலெக்ட்ரா, 1971இல் 'ட்ரோஜன் பெண்கள்' படத்தில் ஹெலன் என நடித்துவிட்டுத்தான் வந்தார். கொல்லப்பட்ட தகப்பனுக்காகப் பழிவாங்கக் காத்திருப்பவள் எலெக்ட்ரா. பத்ரில் தந்தை உத்பாவையும் சகோதரனையும் சிறிய தந்தையையும் ஒரே நாளில் இழந்தவர் ஹிந்த். இரண்டும் ஒரே துக்கந்தான். பாப்பாஸ் அதிகம் கத்துவதில்லை. அந்தத் தடித்த புருவங்களுக்குக் கீழே துக்கம் மெல்ல மெல்ல வன்மமாக இறுகுவதைப் பார்க்கிறோம். ஹிந்தை வெறும் அரக்கியாக ஆக்காமல் காப்பாற்றியது அந்த அடக்கம்தான் என்பேன்.

இதே படத்தை முஸ்தபா அக்காத் அரபியிலும் தனியாக எடுத்தார். அதில் ஹிந்தாக வந்தவர் சிரிய நடிகை முனா வாஸிஃப். மொழியின் கம்பீரத்தில் அவர் ஒரு படி மேல். மௌனத்தில் பாப்பாஸை மிஞ்ச முடியாது.

ஆனால் ஒரு சிக்கல் இருக்கிறது. நபி (ஸல்) அவர்களையும் அன்னையர் கதீஜா, ஆயிஷா (ரழி) போன்றோரையும் திரையில் காட்ட முடியாது, காட்டவும் கூடாது. அந்த ஒழுங்கை அக்காத் பேணினார், சரிதான். அதன் விளைவு என்னவென்றால், ஸுமையா (ரழி) சிறிது நேரமே வந்து ஷஹீதாகிவிட, படம் முழுக்க நிற்கும் ஒரே பெண் எதிரணிக்காரி. நடிகை எவ்வளவு நன்றாக நடிக்கிறாரோ அவ்வளவுக்கு இந்தச் சமநிலை குலைகிறது.

உயர்தர வகுப்பில் ஒருமுறை ஹிந்தைப் பற்றி எழுதச் சொன்னேன். அநேகமாக எல்லாப் பிள்ளைகளும் உஹதில் தொடங்கி, ஹம்ஸா (ரழி) அவர்களின் ஈரலோடு முடித்துவிட்டார்கள். மக்கா வெற்றியின்போது அவர் இஸ்லாத்தைத் தழுவியதை இரண்டு பேர் மட்டும் எழுதியிருந்தார்கள். "ரழி" போட்டவர் ஒருவர்தான். அந்தப் பிள்ளை படம் பார்க்கவில்லையாம்.