கிணற்றடியும் குழியும்

கிணற்றடிக் குளிப்பைப் போற்றி எழுதுவது இப்போது கல்முனைப் பக்கத்தில் வழக்கமாகிவிட்டது. கவிதையோ ஊர் நினைவோ, எதை எடுத்தாலும் கிடுகு வேலி, துலா, தென்னை நிழல். குழாய் வந்துதான் நமது சுத்தம் கெட்டது என்ற முடிவும் கூடவே வரும்.

போற்றக் காரணம் இல்லாமலில்லை. வேலி மறைப்புக்குள் அது பெண்களின் இடம். பிள்ளை பெற்றவளை 40ஆம் நாளுக்குக் குளிப்பாட்டியது அங்கேதான். தண்ணீருக்குப் பில்லும் இல்லை.

ஆனால் குளித்த தண்ணீர் எங்கே போனது? ஒருவரும் எழுதுவதில்லை. சவர்க்கார நுரை கிணற்றுக்கட்டைத் தாண்டி வாழையடி மணலில் இறங்கும். நமது கடற்கரையில் நீர்மட்டம் சில அடி ஆழத்திலேயே இருப்பதால், இறங்கியது திரும்பக் கிணற்றுக்கே வரும். நுரையாவது கண்ணுக்குத் தெரியும். மலசலகூடக் குழியிலிருந்து ஊறி வருவது தெரியாது.

இதில் நமது சீதன முறைக்கும் பங்குண்டு. மகளுக்கு வீடு கொடுத்துத்தான் கலியாணம் முடிக்கிறோம். உம்மாவின் வளவு மூன்று மகள்மாருக்குப் பிரிந்தால் மூன்று வீடு, மூன்று கிணறு, மூன்று குழி. கிணற்றுக்கும் குழிக்கும் 50 அடி இடைவெளி வேண்டும் என்பது சுகாதாரப் பரிசோதகர்கள் சொல்லிவரும் கணக்கு. 10 பேர்ச் காணி 2,722 சதுர அடி. சரிசதுரமாக இருந்தாலும் பக்கம் 52 அடிதான். நமது குழியைத் தள்ளி வெட்டினாலும், வேலிக்கு அப்பால் அடுத்த வீட்டுக் குழி இருக்கிறது.

குல்லத்தைன் என்ற குறைந்தபட்ச அளவை எட்டிய தண்ணீரில் நஜீஸ், அதாவது அசுத்தம், விழுந்தாலும், நிறமோ மணமோ சுவையோ மாறாதவரை அது சுத்தம் என்பது நாம் பின்பற்றும் ஷாபி மத்ஹபின் சட்டம். தொழுகைக்கு அது போதும். அதையே உடல்நலத்துக்கும் அத்தாட்சியாகக் காட்டுவதுதான் என் நெடுநாள் ஆட்சேபம். நைத்திரேற்றும் மலக்கிருமியும் இந்த மூன்றில் ஒன்றையும் மாற்றாமல் கலந்திருக்கும். நபியவர்கள் ஒரு ஸாஉ, ஏறக்குறைய மூன்று லீற்றர் தண்ணீரில் குளித்து முடித்ததாக ஹதீஸ் உண்டு. மோட்டார் போட்டு ஊற்றி, அத்தனையையும் மணலில் இறக்குகிற நமக்கு அந்தச் சிக்கனம் நினைவில் இல்லை.

2004 டிசம்பர் 26 சுனாமிக்குப் பிறகு, கடல் புகுந்த கிணறுகளை இறைக்க இறைக்க அடியிலிருந்து உப்பே மேலே வந்தது. மண்ணுக்குள் வேலி இல்லை என்பதை அன்றே கண்டோம். இன்று குழாய்த் தண்ணீரில் குளித்தாலும் கழிவு அதே மணலில்தான் இறங்குகிறது. மாநகர சபையிலும் பள்ளிவாசலிலும் அதைப் பேசாமல் துலாவையே பாடிக்கொண்டிருப்பதை என்னால் ஏற்க முடியாது.