கல்லில் பதிந்த குரல்: ‘தி ஸ்டோன் டேப்’ நாடகத்தில் ஒலியும் மொழியும்

நைஜல் நீல் எழுதி, பீட்டர் சாஸ்டி இயக்கி, 1972 டிசம்பர் 25 அன்று பிபிசியின் இரண்டாம் அலைவரிசையில் ஒளிபரப்பான ‘தி ஸ்டோன் டேப்’ என்னும் தொலைக்காட்சி நாடகம் பெரும்பாலும் பேய்க்கதை என்ற அளவிலேயே பேசப்பட்டு வந்துள்ளது. அதன் மையமாக அமையும் கற்பனைப் பொருள், ஒலியையும் நினைவையும் தன்னுள் சேமிக்கும் கல் ஆகும். அக்கல் எதைக் காக்கிறது, எதைக் காக்கத் தவறுகிறது என்பதை மொழியியல் நோக்கில் ஆராய்வதே இக்கட்டுரையின் நோக்கம்.

மின்னணு நிறுவனம் ஒன்றின் ஆய்வுக்குழு, ஒலிநாடாவுக்கு மாற்றான பதிவு ஊடகத்தைக் கண்டறியும் பொருட்டு டாஸ்கர்லேண்ட்ஸ் என்னும் பழைய மாளிகைக்கு வருகிறது. அங்கே கற்சுவர் அறை ஒன்றில், 1890இல் இறந்த பணிப்பெண்ணின் அலறல் கேட்கிறது. அது ஆவியன்று, கல்லில் பதிந்துவிட்ட இறுதிக் கணமே எனக் குழுத்தலைவர் பீட்டர் பிராக் முடிவு செய்கிறார். தேடிய ஊடகம் கிடைத்துவிட்டதாக அவர் மகிழ்கிறார். ஒருத்தியின் சாவு அவருக்கு வெறும் ‘பதிவு’ ஆகிவிடுகிறது.

இக்கருத்து முற்றிலும் புதியதன்று. பேசப்பட்ட ஒவ்வொரு சொல்லும் காற்றின் துகள்களில் அசைவாக என்றும் எஞ்சியிருக்கும் என்று கணிப்பொறி முன்னோடியான சார்லஸ் பாபேஜ் 1837இல் எழுதினார். காற்றை ஒரு நூலகமாகவே அவர் கண்டார். நீல் அந்நூலகத்தைக் காற்றிலிருந்து கல்லுக்கு மாற்றுகிறார். ஆனால் பாபேஜிடம் காணப்படாத ஒரு நுட்பத்தையும் சேர்க்கிறார். குழுவினர் செவியால் கேட்கும் அலறல் அவர்களுடைய ஒலிப்பதிவுக் கருவிகளில் பதிவதில்லை. ஒருவருக்கு அது தெளிவாகக் கேட்கிறது. மற்றொருவருக்குச் சிறிதும் கேட்பதில்லை. கல்லில் உள்ளதை மீட்டு ஒலிக்கும் கருவி கேட்பவரின் மூளையே என்பது இதனால் பெறப்படுகிறது.

நாடகத்தின் மிகச் சிறந்த கூறு இதுவே என்பது இக்கட்டுரையாளரின் கருத்து. கருவியில் பதிவது ஒலி. அதனை ஒலியனாகக் கொள்வது கேட்பவரின் மொழியறிவு. தமக்குத் தெரியாத மொழியின் நாடாவைக் கள ஆய்வில் முதன்முறை ஓட்டிக் கேட்டவர்கள் இதனை நன்கு அறிவர். சொல் எங்கே முடிகிறது என்பதுகூட அப்போது புலப்படாது.

குழுவினர் தம் கருவிகளால் அறையைத் தாக்கியதும் பணிப்பெண்ணின் பதிவு அழிந்துபோகிறது. அதன் அடியில் ஆயிரக்கணக்கான ஆண்டுகள் பழைய வேறொரு பதிவு இருப்பதைக் கணிப்பொறி நிரலர் ஜில் கிரீலி கண்டறிகிறார். அதனை எவரும் பொருட்படுத்துவதில்லை. அப்பழைய அடுக்கில் சொல் இல்லை, உருவும் இல்லை, எஞ்சியிருப்பது அச்சம் மட்டுமே. இதனைக் காட்ட முற்படும் இறுதிப் பகுதியில் நாடகம் ஒளிவித்தைகளை நம்பிச் சற்றே தடுமாறுகிறது என்பதை மறுப்பதற்கில்லை.

ஆயினும் முடிவு வலுவானது. ஜில் அவ்வறையில் இறக்கிறார். அவருடைய ஆய்வுக் குறிப்புகள் அனைத்தையும் பிராக் படிக்காமலேயே அழித்துவிடுகிறார். பின்னர் அறைக்குள் நுழையும்போது கல்லில் புதிய பதிவு கேட்கிறது. ஜில் அவருடைய பெயரைச் சொல்லி அலறுகிறார்.

இதனைக் குற்றவாளிக்குக் கிடைத்த தண்டனை என்று மட்டும் கொள்வது போதாது. ஜில் அறிந்தவை தாள்களில் வாக்கியங்களாக இருந்தன, அவை அழிந்தன. கல் காத்துவைத்தது ஒரே ஒரு சொல்லை, அதுவும் விளியை. தொல்காப்பியம் விளிக்குத் தனி இயலே வகுத்துள்ளது. பிற வேற்றுமைகளைப் போல விளி வினையோடு உறவு கொள்வதன்று. முன்னிலையில் இருப்பவரை நோக்கியே அது நிற்கிறது. அழைக்கப்பட்டவர் வாராத நிலையில் அவ்விளி கல்லில் திரும்பத் திரும்ப ஒலிப்பதில்தான் நாடகத்தின் உண்மையான கொடுமை அடங்கியுள்ளது.

இது கற்பனைக்கு மட்டும் உரிய நிலையன்று. 2010 ஜனவரியில் அந்தமானில் போ மொழியின் கடைசிப் பேச்சாளராகிய போவா சீனியர் மறைந்தார். தம் இறுதி ஆண்டுகளில் அம்மொழியில் உரையாட அவருக்கு ஒருவரும் இல்லை. மொழியியலாளர் அன்விதா அப்பி அவருடைய குரலைப் பதிவு செய்ததோடு அமையாமல், பெரிய அந்தமானிய மொழிக்கு அகராதி தொகுத்தார். 2013இல் இலக்கணமும் வெளியிட்டார். அவற்றின் துணையோடு கேட்கும்போது அக்குரலில் சொற்கள் பிரிகின்றன, பொருள் விளங்குகிறது. ஆனால் அக்குரலுக்கு அதே மொழியில் மறுமொழி கூற இன்று எவரும் இல்லை.